லைன்பேக்கர் ஒருவரின் ஆட்டப் பதிவேட்டைப் படிக்கும் முறை

அமெரிக்கக் கால்பந்தில் லைன்பேக்கராக ஆடிய ஒருவரைப் பற்றித் தேடினால், பெரும்பாலும் ஒரே வார்ப்பில் அமைந்த பக்கம்தான் கிடைக்கும். மேலே அவர் படித்த பல்கலைக்கழகம், டிராஃப்ட்டில் (தொழில்முறை அணிகள் முறைவைத்துப் புதிய வீரர்களைத் தேர்ந்தெடுக்கும் நிகழ்வு) எடுக்கப்பட்ட சுற்று, ஆடிய அணிகள் என்று சில வரிகள் இருக்கும். கீழே ஆண்டுவாரியாக ஓர் அட்டவணை இருக்கும். இந்த ஆட்டத்துக்குப் புதியவர்களின் கண் நேரே டேக்கிள், அதாவது பந்தோடு வருபவரை மடக்கி வீழ்த்திய எண்ணிக்கைக்குத்தான் போகிறது. எண் பெரிதாக இருந்தால் பெரிய ஆட்டக்காரர், சிறிதாக இருந்தால் சாதாரணமானவர் என்று அதை வைத்தே முடிவு கட்டிவிடுகிறோம். பல வேளைகளில் அந்த முடிவு பிழையாகிவிடும். அவர் எத்தனை பேரை வீழ்த்தினார் என்று கேட்பதற்கு முன்னால், எந்த ஆண்டில் எந்தப் பட்டியலில் எந்த வேலைக்காக இருந்தார் என்று கேட்க வேண்டும். அந்தக் கேள்விக்கான விடை அட்டவணையில் இருக்காது; அதற்கு மேலும் கீழும் சிதறிக் கிடக்கும் சிறு குறிப்புகளில்தான் இருக்கும். அவற்றைப் படிக்கும் முறையை இங்கே விளக்குகிறேன்.

முதலில், அவர் நின்ற இடம்

தடுக்கும் அணியில் 11 பேர் இருப்பார்கள். எதிரணி நான்கு முயற்சிகளுக்குள் 10 யார்டு முன்னேற வேண்டும்; அதை நடக்கவிடாமல் செய்வதே இவர்களுடைய வேலை. முன்வரிசையில் உடல் பருத்த வீரர்கள் எதிரணியின் வரிசையோடு மோதுவார்கள். பின்வரிசையில் வேகமானவர்கள் பந்து வாங்க ஓடுபவர்களைத் தொடர்வார்கள். இந்த இரு வரிசைகளுக்கும் இடையில் நிற்பவரே லைன்பேக்கர். பந்தைச் சுமந்து ஓடிவருபவரை மடக்க வேண்டும், சமயம் பார்த்து, பந்தை வீசும் குவாட்டர்பேக் மீது பாய வேண்டும், தேவைப்பட்டால் பின்வாங்கி, வீசப்படும் பந்தையும் தடுக்க வேண்டும். இந்த மூன்றில் எதை அதிகம் செய்யச் சொல்லி அவருக்குச் சம்பளம் கொடுத்தார்கள் என்பது ஆளுக்கு ஆள் மாறும்.

முன்வரிசையில் நால்வரும் அவர்களுக்குப் பின்னால் மூன்று லைன்பேக்கர்களும் நிற்பதை 4-3 அமைப்பு என்றும், முன்னால் மூவரும் பின்னால் நால்வரும் நிற்பதை 3-4 அமைப்பு என்றும் சொல்வார்கள். 4-3 அமைப்பில் நடுவில் நிற்பவரை மைக் என்றும், எதிரணியின் பலமான பக்கத்தில் நிற்பவரை சாம் என்றும், மறுபக்கத்தில் நிற்பவரை வில் என்றும் அழைப்பது வழக்கம். இவை ஆட்களின் பெயர்கள் அல்ல என்பது தெரியாமல், "இந்த மைக் யார்?" என்று தேடியவர்கள் உண்டு, நானும் அவர்களில் ஒருவன். 3-4 அமைப்பின் வெளிப்புற லைன்பேக்கர் பெயரளவில் லைன்பேக்கராக இருந்தாலும், அவருடைய முதன்மையான வேலை குவாட்டர்பேக்கைத் துரத்துவதுதான்.

எனவே பதிவேட்டைத் திறந்ததும் உள் லைன்பேக்கரா, வெளி லைன்பேக்கரா என்பதை முதலில் உறுதி செய்துகொள்ளுங்கள். நியூயார்க் ஜயன்ட்ஸ் அணியின் வெளி லைன்பேக்கர் லாரன்ஸ் டெய்லரின் கணக்கில் 132.5 சாக் இருக்கிறது. அதாவது குவாட்டர்பேக்கைப் பந்து வீசுவதற்கு முன்பே வீழ்த்திய எண்ணிக்கை. கரோலினா பாந்தர்ஸ் அணியின் உள் லைன்பேக்கர் லூக் கீக்லியின் கணக்கில் எட்டு ஆண்டுகளில் 12.5 சாக் மட்டுமே உள்ளது. ஆனால் எதிரணி வீசிய பந்தை 18 முறை இடைமறித்துப் பிடித்திருக்கிறார். இரண்டாமவர் முதலாமவரில் பத்தில் ஒரு பங்குதான் என்று இந்த எண்களை வைத்துச் சொன்னால், ஆட்டம் தெரிந்தவர்கள் சிரிப்பார்கள். இருவரும் ஆண்டின் சிறந்த தடுப்பாட்டக்காரர் விருதைப் பெற்றவர்கள்: டெய்லர் மூன்று முறை, கீக்லி 2013-இல்.

இந்தப் பெயர்ச் சிக்கல் பணத்திலும் வந்து நிற்கும். 2008-இல் பால்டிமோர் ரேவன்ஸ் அணி டெரல் சக்ஸை லைன்பேக்கர் என்ற கணக்கில் ஓராண்டு ஒப்பந்தத்தில் கட்டிவைக்க முயன்றபோது, தாம் முன்வரிசை ஓரத்தில் ஆடும் டிஃபென்சிவ் எண்ட் என்றும், அந்த இடத்துக்கு உரிய கூடுதல் தொகையே வேண்டும் என்றும் அவர் முறையிட்டார். கடைசியில் இரண்டுக்கும் நடுவில் ஒரு தொகையில் உடன்பாடு ஏற்பட்டது. அட்டவணையில் இடத்தின் பெயர் ஆண்டுக்கு ஆண்டு மாறியிருந்தால், அது அச்சுப்பிழை அல்ல. பயிற்சியாளரோ அமைப்போ மாறியதற்கான தடயமாக இருக்கலாம்.

இன்னொரு குறிப்பையும் தேடிப் பார்க்கலாம். 2008 முதல், அமெரிக்காவின் முதன்மைத் தொழில்முறை லீகான என்.எஃப்.எல். ஆட்டங்களில் தடுக்கும் அணியைச் சேர்ந்த ஒருவரின் தலைக்கவசத்துக்குள் பயிற்சியாளரின் குரல் கேட்கும்படி வானொலிக் கருவி வைக்க அனுமதி உண்டு. அந்தக் கவசத்தின் பின்புறம் பச்சைப் புள்ளி ஒட்டப்பட்டிருக்கும். அதை அணிபவர் பெரும்பாலும் நடு லைன்பேக்கரே. "பச்சைப் புள்ளியை அணிந்தார்" என்று ஒருவரைப் பற்றி எழுதியிருந்தால், மற்ற பத்துப் பேரையும் அவரவர் இடத்தில் நிற்கச் செய்யும் பொறுப்பு அவரிடம் இருந்தது என்று பொருள். எந்த அட்டவணையிலும் அதற்கென்று ஒரு கட்டம் கிடையாது.

கல்லூரி ஆண்டுகளைக் கணக்கிடுதல்

ஒருவர் 2014-இல் கல்லூரியில் சேர்ந்து 2018 வரை ஆடினார் என்று இருக்கும். அட்டவணையிலோ நான்கு ஆண்டுகள்தான் இருக்கும். ஒன்று எங்கே போயிற்று என்று தேட வேண்டாம். கல்லூரி விளையாட்டை நடத்தும் என்.சி.ஏ.ஏ. அமைப்பின் நெடுங்கால விதிப்படி, ஐந்து ஆண்டுகளுக்குள் நான்கு பருவங்கள் ஆடலாம். பயிற்சி மட்டும் பெற்று, ஆடாமல் ஒதுங்கியிருக்கும் ஆண்டை ரெட்ஷர்ட் ஆண்டு என்பார்கள். 2018 முதல், நான்கு ஆட்டங்கள் வரை ஆடினாலும் அந்த ஆண்டை ரெட்ஷர்ட்டாகக் கொள்ளலாம் என்று விதி தளர்ந்தது. ஆகவே முதலாண்டில் மூன்று ஆட்டம், இரண்டு டேக்கிள் என்று இருந்தால் அவர் தேறவில்லை என்று எண்ணிவிடக் கூடாது. வேண்டுமென்றே எண்ணி எண்ணி இறக்கியிருப்பார்கள். கொரோனா பரவிய 2020 பருவம் யாருடைய கணக்கிலும் கழிக்கப்படவில்லை என்பதால், அந்தக் காலத்து வீரர்கள் ஆறாம் ஆண்டிலும் கல்லூரியில் ஆடியதைப் பார்க்கலாம்.

கல்லூரி மாறியவர் என்றால் மாறிய ஆண்டைக் கவனியுங்கள். முன்பெல்லாம் பெரிய கல்லூரி அணி ஒன்றிலிருந்து இன்னொன்றுக்குப் போகிறவர் பொதுவாக ஓராண்டு வெளியே உட்கார வேண்டியிருந்தது. இடமாற்றம் விரும்பும் வீரர்களின் பெயரைப் பதியும் முறை 2018 அக்டோபரில் வந்தது. 2021-இல், முதல் முறை மாறுகிறவர் உட்காராமல் உடனே ஆடலாம் என்று விதி மாறியது. அதே ஆண்டு ஜூலை 1 முதல், வீரர்கள் தங்கள் பெயரையும் உருவத்தையும் வைத்து விளம்பரத்தில் பணம் ஈட்டலாம் என்றும் ஆயிற்று. 2005-இல் ஒருவர் கல்லூரி மாறியதற்கும் 2023-இல் ஒருவர் மாறியதற்கும் ஒரே காரணத்தைக் கற்பிப்பது சரியாகாது. முன்னவர் ஓர் ஆண்டை இழக்கத் துணிந்தவர். பின்னவருக்கு அது ஏறக்குறைய வேலை மாறுவதைப் போன்றது.

"வாக்-ஆன்" என்ற சொல் கண்ணில் பட்டால் அதை அடிக்கோடிடுங்கள். உதவித்தொகை இல்லாமல், தாமாக வந்து அணியில் சேர்ந்தவர் என்று அதற்குப் பொருள். அப்படி வந்தவர் பிறகு உதவித்தொகை பெற்றார் என்றால், அந்த ஒரு வரிக்குப் பின்னால் குறைந்தது ஓராண்டு உழைப்பு இருக்கும்.

கல்லூரி எண்களை ஒப்பிடும்போது இரண்டு எல்லைகளை நினைவில் வைக்க வேண்டும். தனிவீரரின் தடுப்பாட்டக் கணக்கை என்.சி.ஏ.ஏ. அதிகாரப்பூர்வமாகத் தொகுக்கத் தொடங்கியது 2000-இல்தான். பருவ முடிவில் நடக்கும் பௌல் ஆட்டங்களின் எண்கள் 2002 முதலே மொத்தத்தில் சேர்க்கப்படுகின்றன. அதற்கு முந்தைய சாதனைகள் அந்தந்தப் பல்கலைக்கழகம் தானே வைத்திருந்த கணக்கு. குறைவாகவும் இருக்கலாம், தாராளமாகவும் இருக்கலாம். கீக்லி பாஸ்டன் கல்லூரியில் மூன்றே பருவங்களில் 532 டேக்கிள் செய்தது இந்தக் கட்டுக்கோப்பான காலத்துக் கணக்கு என்பதால் அதை நம்பி மேற்கோள் காட்டலாம். விருதுகளில், 1985 முதல் சிறந்த கல்லூரி லைன்பேக்கருக்கு வழங்கப்படும் பட்கஸ் விருதை முதலில் பாருங்கள். அதன் முதல் இரண்டு ஆண்டுகளிலும் அதைப் பெற்றவர் ஒக்லஹோமா பல்கலைக்கழகத்தின் பிரையன் பாஸ்வொர்த். தொழில்முறை ஆட்டத்தில் அவர் சியாட்டில் அணியில் மூன்று பருவங்களோடு நின்றுபோனார். தோள் காயம்தான் காரணம். கல்லூரி விருது அடுத்த கட்டத்துக்கான உறுதிச்சீட்டு அல்ல.

டிராஃப்ட் வரியைப் பிரித்துப் படித்தல்

பள்ளி முடித்து மூன்று ஆண்டுகள் ஆனவரே என்.எஃப்.எல். டிராஃப்ட்டுக்குத் தகுதி பெறுவார். அதற்கு முன்னால் இண்டியானாபொலிஸ் நகரில் நடக்கும் உடல்திறன் சோதனையில் 40 யார்டு ஓட்டம், 225 பவுண்டு எடையைத் திரும்பத் திரும்பத் தூக்குதல், தாண்டுதல் எல்லாம் அளக்கப்படும். இந்த எண்களுக்கு நான் அதிக மதிப்புத் தருவதில்லை. ஆனால் 2018-இல் ஷக்கீம் கிரிஃபின், இடக்கை மணிக்கட்டுக்குக் கீழே இல்லாத நிலையில், செயற்கைக் கையைப் பொருத்திக்கொண்டு 20 முறை எடை தூக்கியதையும், 40 யார்டை 4.38 விநாடியில் ஓடியதையும் யாரும் தள்ளிவிட முடியாது. சியாட்டில் சீஹாக்ஸ் அவரை ஐந்தாம் சுற்றில் எடுத்தது.

சுற்று எண்ணுக்குக் காலத்தைப் பொறுத்தே பொருள் உண்டு. 1994 முதல் ஏழு சுற்றுகள் மட்டுமே. 1977 முதல் 1992 வரை 12 சுற்றுகள் இருந்தன. பழைய வீரர் ஒருவர் ஒன்பதாம் சுற்றில் எடுக்கப்பட்டிருந்தால், அதை இன்றைய சுற்று எண்ணோடு நேராக ஒப்பிட முடியாது. 1960-களில் இரண்டு போட்டி லீகுகள் தனித்தனியே டிராஃப்ட் நடத்தின. அதனால்தான் டிக் பட்கஸின் பதிவேட்டில் 1965-ஆம் ஆண்டுக்கு எதிரே இரண்டு அணிகள் இருக்கின்றன: என்.எஃப்.எல். டிராஃப்ட்டில் மூன்றாவது ஆளாக எடுத்த சிகாகோ பேர்ஸ், மற்ற லீகின் இரண்டாம் சுற்றில் எடுத்த டென்வர் பிராங்கோஸ். அவர் ஆடியது சிகாகோவுக்கு மட்டுமே.

யாராலும் எடுக்கப்படாதவர் என்று இருந்தால் நிதானமாகப் படியுங்கள். லைன்பேக்கர்களில் மிகச் சுவையான வரலாறுகள் அங்கேதான் இருக்கின்றன. சாம் மில்ஸ் 5 அடி 9 அங்குல உயரம். மான்ட்கிளேர் ஸ்டேட் என்ற சிறிய கல்லூரியிலிருந்து வந்தார். கிளீவ்லாந்து பிரவுன்ஸ் அவரைக் கழித்துவிட்டது, கனடாவின் டொராண்டோ அணியும் கழித்துவிட்டது. யூ.எஸ்.எஃப்.எல். என்ற புதிய லீகில் ஆடித் தம்மை நிறுவிக்கொண்டு, 1986-இல் நியூ ஆர்லியன்ஸ் செயின்ட்ஸ் அணிக்கு வந்தார். அப்போது அவருக்கு வயது 27. 12 பருவங்கள் ஆடினார். 2022-இல் புகழ்மண்டபத்தில் அவர் பெயர் சேர்ந்தபோது அவர் உயிரோடு இல்லை. லண்டன் ஃபிளெட்சர் ஜான் கரோல் என்னும் மூன்றாம் பிரிவுக் கல்லூரியிலிருந்து 1998-இல் எடுக்கப்படாத வீரராக ராம்ஸ் அணியில் சேர்ந்து, 16 பருவங்களில் ஓர் ஆட்டத்தைக்கூடத் தவறவிடாமல் 256 ஆட்டங்கள் ஆடினார். இந்த இருவரின் பதிவேட்டிலும் டேக்கிளைவிட "ஆடிய ஆட்டங்கள்" என்ற கட்டமே அதிகம் பேசுகிறது.

பட்டியல் மாற்றங்கள்: அதிகம் சொல்லும் பகுதி

பெரும்பாலோர் தாண்டிப்போகும் பகுதி இதுதான். கோடையில் ஓர் அணியில் 90 பேர் இருப்பார்கள். ஆகஸ்ட் இறுதியில் 53 பேராகக் குறைப்பார்கள். அந்த நாளில் ஒருவருக்கு என்ன நடந்தது என்பதைக் குறிப்பில் வரும் ஒரு சொல்லே காட்டிவிடும். "வேவர் மூலம் விடுவிக்கப்பட்டார்" என்றால் பொதுவாக நான்கு பருவம் நிறையாத இளம் வீரர். மற்ற அணிகள் அவரை அவருடைய அதே ஒப்பந்தத்தோடு கேட்டு வாங்கிக்கொள்ளலாம். வெறுமனே "விடுவிக்கப்பட்டார்" என்றால் அனுபவசாலியாக இருக்கக்கூடும்; உடனே எங்கு வேண்டுமானாலும் போகலாம். யாரும் கேட்காத இளைஞரை அதே அணி மறுநாளே பயிற்சிக் குழுவில், அதாவது 53 பேருக்கு வெளியே அணியோடு பயிற்சி செய்பவர்களில் ஒருவராக, வைத்துக்கொள்வது மிகச் சாதாரணம். ஆகவே "ஆகஸ்ட் 30 விடுவிப்பு, ஆகஸ்ட் 31 பயிற்சிக் குழு" என்று அடுத்தடுத்து வருவதை வீழ்ச்சி என்று எழுதிவிடாதீர்கள். அணி அவரை விரும்பியது. 53 இடங்களில் ஒன்றைக் கொடுக்கும் அளவுக்கு விரும்பவில்லை, அவ்வளவுதான்.

காயப் பட்டியலில் சேர்க்கப்பட்டார் என்றால், இப்போதைய விதிப்படி குறைந்தது நான்கு ஆட்டங்கள் அவர் இல்லை. பருவம் முடிந்த ஜனவரியில் "எதிர்கால ஒப்பந்தம்" என்று ஒன்று வரும். அடுத்த கோடைப் பயிற்சிக்கு ஓர் இடம் என்பதற்கு மேல் அதில் உறுதி எதுவும் இல்லை. ஒருவர் ஆறு ஆட்டங்களுக்காவது முழுச் சம்பளப் பட்டியலில் இருந்தால்தான் அது ஒரு முழுப் பருவமாகக் கணக்கில் சேரும். மூன்று, நான்கு என்று அந்தக் கணக்கு ஏறும்போதே விருப்பப்பட்ட அணிக்குப் போகும் உரிமை வருகிறது. ஐந்தாவது ஆட்டத்துக்குப் பின் ஒருவர் வெட்டப்பட்டிருந்தால், அந்தத் தேதியை இரண்டு முறை பாருங்கள்.

இப்படிப் படிக்கப் பழகுவதற்கு ஜேம்ஸ் ஹாரிசனின் பதிவேட்டைவிடச் சிறந்த பாடம் எனக்குத் தெரியாது. கென்ட் ஸ்டேட் பல்கலைக்கழகத்திலிருந்து 2002-இல் எடுக்கப்படாத வீரராக பிட்ஸ்பர்க் ஸ்டீலர்ஸ் அணியில் சேர்ந்தார். அந்த அணியே அவரைப் பலமுறை விடுவித்துச் சேர்த்தது; பால்டிமோர் ரேவன்ஸ் எடுத்து, ஐரோப்பிய லீகில் ரைன் ஃபயர் அணிக்கு அனுப்பிப் பார்த்துவிட்டு அதுவும் விட்டுவிட்டது. முதல் இரண்டு ஆண்டுகளின் ஆட்ட அட்டவணை ஏறக்குறைய வெறுமையாக இருக்கும். குறிப்புப் பகுதியோ நிரம்பி வழியும். 2007-இல்தான் நிலையான இடம் கிடைத்தது. 2008-இல் ஆண்டின் சிறந்த தடுப்பாட்டக்காரர். டிராஃப்ட்டில் எடுக்கப்படாத ஒருவர் அந்த விருதைப் பெற்றது அதுவே முதல் முறை. அந்தப் பருவத்தின் இறுதிப் போட்டியான சூப்பர் பௌல் ஆட்டத்தில் பந்தை இடைமறித்து 100 யார்டு ஓடிச் சேர்த்தார். எண்களை மட்டும் பார்த்தவருக்கு அவர் 2007-இல் திடீரென்று முளைத்தவராகத் தெரிவார்.

டேக்கிள் குறைவாக இருந்தும் பத்தாண்டு நிலைத்தவரைக் கண்டால், உதை ஆட்டங்களுக்கான சிறப்புக் குழுவில் அவர் ஆடினாரா என்று பாருங்கள். இரண்டாம் வரிசை லைன்பேக்கர்கள் பிழைப்பது அங்கேதான். ஓடவும் தெரியும், மோதவும் தெரியும் என்பதால் அந்த வேலைக்குப் பொருந்துவார்கள். ரைஸ் பல்கலைக்கழகத்திலிருந்து எடுக்கப்படாமல் வந்த லாரி இஸ்ஸோ அந்த வேலைக்காகவே மூன்று முறை, சிறந்த வீரர்களுக்கான ப்ரோ பௌல் ஆட்டத்துக்குத் தேர்ந்தெடுக்கப்பட்டார்; நியூ இங்கிலாந்து பேட்ரியட்ஸ் அணியோடு மூன்று சூப்பர் பௌல் வென்றார்.

இப்போது அட்டவணைக்கு வரலாம்

டேக்கிள் என்பது கபடியில் பாடிவருபவரை மடக்குவதைப் போன்றது. தனியாகவும் செய்யலாம், கூட்டாகவும் செய்யலாம். கூட்டாகச் செய்ததைக் கணக்கிடுவதில்தான் குழப்பம். ஓர் அரங்கில் ஆட்டத்தைப் பார்த்துக் கணக்கெழுதுபவர் உதவி என்று ஒருவருக்குக் கொடுப்பதை இன்னொரு அரங்கில் கொடுக்கமாட்டார்கள். என்.எஃப்.எல். நெடுங்காலமாக டேக்கிளை அதிகாரப்பூர்வக் கணக்காகவே கொள்ளவில்லை. ஆகவே இரண்டு தளங்களில் இரண்டு எண்கள் இருந்தால் சண்டை போடாமல், தனி டேக்கிள், உதவி இரண்டையும் பிரித்து எழுதி, எந்தத் தொகுப்பு என்பதையும் சொல்லிவிடுங்கள். எதிரணி நெடுநேரம் பந்தை வைத்திருந்தால் தடுப்பவருக்கு டேக்கிள் பெருகும்; மோசமான அணியின் லைன்பேக்கர் பட்டியலில் மேலே வருவது அதனாலும் இருக்கலாம். இரண்டு யார்டில் மடக்கியதும், 12 யார்டு ஓடவிட்டு மடக்கியதும் ஒரே எண்ணாகத்தான் பதிவாகும்.

சாக் கணக்கு அதிகாரப்பூர்வமானது 1982-இல். லாரன்ஸ் டெய்லர் தம் முதல் பருவமான 1981-இல் செய்த 9.5 சாக், மேலே சொன்ன 132.5-இல் சேராது. அதற்கு முந்தையவர்களுக்குக் கட்டம் காலியாக இருந்தால், அவர்கள் செய்யவில்லை என்று பொருள் அல்ல. தொடக்க ஆட்டக்காரராக இறங்கிய எண்ணிக்கையிலும் ஒரு நெளிவு உண்டு: முதல் முயற்சியிலேயே எதிரணி வீச்சுக்குத் தயாராக நின்றால், தடுக்கும் அணி ஒரு லைன்பேக்கரை எடுத்துவிட்டு ஐந்தாவது பின்வரிசை வீரரை இறக்கும். அடுத்த முயற்சியில் இறங்கும் அந்த லைன்பேக்கர், அன்று முழுவதும் ஆடினாலும் தொடக்க ஆட்டக்காரர் ஆகமாட்டார். அண்மைக் கால வீரர்களுக்கு எத்தனை ஸ்னாப், அதாவது எத்தனை முயற்சிகளில் களத்தில் நின்று ஆடினார் என்ற கணக்கு கிடைக்கிறது. அது கிடைத்தால் அதையே நம்புங்கள். மொத்தங்களை ஒப்பிடுகையில், 1978 முதல் 2020 வரை பொதுவாக ஒரு பருவத்துக்கு 16 ஆட்டங்கள், 2021 முதல் 17 என்பதையும் மறக்க வேண்டாம்.

முடிவை எழுதுதல்

இந்த இடத்தில் ஆடுபவர்களின் ஆட்டக்காலம் எதிர்பாராத இடத்தில் அறுந்துபோவது அதிகம். பேட்ரிக் வில்லிஸ் கால் விரல் காயங்களால் 2015 மார்ச்சில் 30 வயதில் நிறுத்தினார். அதே மாதம், அதே சான்பிரான்சிஸ்கோ அணியில் ஒரே பருவம் ஆடியிருந்த கிறிஸ் போர்லாண்ட், தலையில் படும் அடிகளின் பின்விளைவை அஞ்சி 24 வயதில் விலகினார். கீக்லி 2020 ஜனவரியில் 28 வயதில் விடைபெற்றார். போர்லாண்டின் அட்டவணை ஒரே வரி. அந்த ஒரு வரியை "தோல்வி" என்ற சொல்லால் விளக்க முயன்றால் பொய்யாகிவிடும்.

மேலே சொன்னவர்கள் செய்தியாளர்களைக் கூட்டி அறிவித்தவர்கள். பெரும்பாலோருக்கு அப்படி ஒரு நாளே இருப்பதில்லை. ஓர் ஆகஸ்ட் மாதத்தில் "விடுவிக்கப்பட்டார்" என்று ஒரு குறிப்பு; அதற்குப் பிறகு ஒன்றும் இருக்காது. அத்தகையவரைப் பற்றி எழுதும்போது "அந்த ஆண்டில் ஓய்வு பெற்றார்" என்று எழுதாதீர்கள். அவர் தொலைபேசி அழைப்புக்காக இன்னும் இரண்டு ஆண்டுகள் உடற்பயிற்சி செய்துகொண்டு காத்திருந்திருக்கலாம், கனடாவிலோ வேறு சிறு லீகிலோ ஆடியிருக்கலாம். கனடா லீகின் பதிவுகளையும் ஒருமுறை பார்த்துவிட்டு, கடைசியாக ஆடிய பருவம் எது, கடைசி ஒப்பந்தக் குறிப்பு எந்தத் தேதியில் என்பதை மட்டும் எழுதி நிறுத்திவிடுங்கள்.